செங்கல்லும் நூலும்

தமிழ்ப் பண்டிதன் ஒருவன் இறைச்சி சுடும் அடுப்பைப் பற்றிக் கட்டுரை எழுதப் புகுந்தால் வாசகர்கள் வியப்படைவது இயல்பே. அவன் பிறந்த நாள்தொட்டு மரக்கறி உணவையே உண்டு வருபவன் என்பதும் தெரிந்தால் அவ்வியப்பு இன்னும் மிகும். எனினும், அவ்வடுப்பைக் கட்டியவர் இருவருள் நானும் ஒருவன். அதனைக் கட்டும்போது நினைவுக்கு வந்த ஒன்றை முப்பது ஆண்டுகளாக யாருக்கும் சொல்லாதிருந்தேன். இனியும் அவ்வாறிருத்தல் முறையன்று என்று தோன்றியமையால் இதனை எழுதுகின்றேன்.

சென்ற மார்கழி விடுமுறையில், அவுஸ்திரேலியாவிலே மெல்பேண் நகரின் புறத்தே வாழும் என் மகள் வீட்டுக்குப் போயிருந்தேன். மருமகன் கணினித் துறையிலே தொழில் புரிபவர். நற்குணம் வாய்ந்தவர், என் முன்னிலையில் உரத்துப் பேசவும் கூசுபவர். நான் சென்ற மூன்றாம் நாட் காலையில், வீட்டின் கோடிப்புறத்திலே செங்கற்குவியல் ஒன்று பாயினால் மூடப்பட்டுக் கிடத்தலைக் கண்டேன்.

"இது என்னத்துக்குப் பிள்ளை?" என்று மகளை வினவினேன்.

அவள் கணவரைப் பார்த்தாள். அவர் நிலத்தைப் பார்த்தார். "ஒண்டுமில்லை அப்பா, பின்னுக்கு ஒரு சின்ன வேலை" என்றாள்.

பின்னர் உண்மை வெளிப்பட்டது. 'பாபிக்கியூ' என்று அந்நாட்டார் வழங்கும் அடுப்பொன்றைச் செங்கல்லாற் கட்டுவதற்கு மருமகன் எண்ணியிருந்தார். நான் வருமுன் கட்டி முடிக்க இயலவில்லை. இறைச்சி சுடும் அடுப்பை மாமாவின் கண்முன்னே கட்டுவது மரியாதையன்று எனக் கருதி, நான் திரும்பும்வரை கல்லை மூடிவைத்துவிட்டார். என் பொருட்டு ஒரு குடும்பம் தன் வளவிலேயே ஒன்றை ஒளித்து வைக்க நேர்ந்ததே என்று என் மனம் சங்கடப்பட்டது.

அந்நாட்டிலே கோடிப்புறம் என்பது நம்மூரிற்போலச் சாம்பலும் குப்பையும் கொட்டும் இடமன்று. கோடைகாலத்தில் வீட்டாரின் வாழ்க்கை பெரும்பாலும் அங்கேதான் நடைபெறுகின்றது. டிசம்பர், ஜனவரி மாதங்களே அவர்களுக்குக் கோடை. மாலை எட்டரை மணிவரையும் வெளிச்சம் இருக்கும். பழைய வீடுகள் பலவற்றின் பின்புறத்தில் செங்கல்லாற் கட்டிய சூட்டடுப்புகளை இன்றும் காணலாம். பொதுப் பூங்காக்களிலும் நகரசபையார் மின்சார அடுப்புகளை அமைத்து, எவரும் கட்டணமின்றிப் பயன்படுத்த விட்டிருக்கின்றார்கள். அயலவரை அழைப்பதும், உறவினர் கூடுவதும், சிறுவர்களின் பிறந்தநாளைக் கொண்டாடுவதும் எல்லாம் அவ்வடுப்பைச் சுற்றியே நிகழ்கின்றன.

சொல்லின் வரலாற்றை ஆராய்வது எங்கள் கூட்டத்தாரின் பழக்கம். 'பாபிக்கியூ' என்பது ஆங்கிலச் சொல்லாக வழங்கினும் பிறப்பால் ஆங்கிலமன்று. கரிபியன் தீவுகளில் வாழ்ந்த தைனோ மக்கள், நட்ட கவர்க்கம்புகளின்மேற் குறுக்கே தடிகளைப் பரப்பி அமைத்த பரண் ஒன்றுக்கு அப்பெயர் வழங்கியது. அதன்கீழ் நெருப்பிட்டு ஊனையும் மீனையும் வாட்டினர். ஸ்பானியர் அதனைக் கேட்டுப் 'பார்பகோவா' என்று எழுதிக்கொண்டனர். பின்னர் அது ஆங்கிலத்துட் புகுந்து உலகெங்கும் பரந்தது. நான் அதற்குச் 'சூட்டடுப்பு' என்று பெயரிட்டபோது மருமகன் முதன்முறையாக வாய்விட்டுச் சிரித்தார்.

ஊனைச் சுட்டு உண்ணுதல் நம் முன்னோர்க்குப் புதியதன்று. இரும்புக் கம்பியிற் கோத்துச் சுட்ட இறைச்சியைக் கரிகாற் பெருவளத்தான் பொருநனுக்கு வேண்டுமளவும் ஊட்டிய செய்தியைப் பொருநராற்றுப்படை விரித்துரைக்கின்றது. அக்கம்பிக்குக் 'காழ்' என்று பெயர். பல நாள் ஊன் தின்றமையாற் பொருநனின் பற்கள், நிலத்தை உழுது உழுது தேய்ந்த கொழுவைப்போல மழுங்கின என்று முடத்தாமக்கண்ணியார் பாடியுள்ளார். இத்துணை நயமான உவமையை நான் வகுப்பிலே ஒருநாளும் நின்று விளக்கியதில்லை. அவ்வடிகள் வந்ததும் சொற்பொருளை மட்டும் விரைந்து சொல்லி, அடுத்த பகுதிக்குத் தாவிவிடுவேன். சைவ மாணவர்க்கு அஃது எதற்கு என்பது என் எண்ணம். நமக்குப் பிடியாததைப் பாட்டிலிருந்தும் மறைக்கும் உரிமை ஆசிரியனுக்கு உண்டோ என்று நான் சிந்தித்ததில்லை.

மருமகனைக் கூப்பிட்டேன். "தம்பி, பாயை எடுத்துப்போட்டு வேலையைத் தொடங்குங்கோ. நான் தின்னாதவன்தான், ஆனால் தின்பவர் வீட்டிலே அடுப்பிருக்கக் கூடாதென்று சொல்ல எனக்கு நியாயமில்லை" என்றேன். மகளின் முகம் மலர்ந்தது.

அந்தச் செங்கற்கள் இடிக்கப்பட்ட பழைய வீடொன்றிலிருந்து வாங்கியவை. அந்நாட்டுச் செங்கல் 230 மில்லிமீற்றர் நீளமும், 110 மில்லிமீற்றர் அகலமும், 76 மில்லிமீற்றர் உயரமும் கொண்டது. மரவேலியிலிருந்தும் யூக்கலிப்ரஸ் மரத்திலிருந்தும் விலகி, காற்று வீட்டை நோக்கிப் புகையைக் கொண்டுசெல்லாத ஓரிடத்தைத் தேர்ந்தோம். நிலத்தை வெட்டி, இரும்புவலை இட்டு, 10 சென்ரிமீற்றர் கனத்தில் கொங்கிறீற்றுத் தளம் போட்டோம். அதனை ஒரு வாரம் ஈரச்சாக்கால் மூடி வைத்தோம். அதுவரை நான் யோசனை சொல்பவனாக மட்டுமே இருந்தேன்.

தளம் இறுகியபின் மருமகன் தனியே கல் வைக்கத் தொடங்கினார். நான் கதிரையில் அமர்ந்து பார்த்துக்கொண்டிருந்தேன். முதல் வரி ஒருவாறு முடிந்தது. இரண்டாம் வரியில், கீழ்க்கல்லின் பொருத்து எங்கிருந்ததோ அங்கேயே மேற்கல்லின் பொருத்தும் வருமாறு வைத்தார். கல்லை நனைக்கவுமில்லை. வெயிலிற் காய்ந்த செங்கல் சாந்தின் நீரை ஒரு நொடியில் உறிஞ்சிவிட, சாந்து மணலாய் உதிர்ந்தது. அதற்குமேல் என்னால் இருக்க முடியவில்லை. வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு எழுந்தேன்.

"மாமா, நீங்கள் இருங்கோ. உங்களுக்கேன் இந்தக் கரைச்சல்?" என்றார் அவர்.

"கரண்டியைத் தாருங்கோ தம்பி" என்றேன்.

சாந்து பூசும் அக்கருவியைக் 'கரணை' என்று அகராதி கூறும். அச்சொல்லை நூலிற் படிக்குமுன்பே அக்கருவியை நான் கையிற் பிடித்திருக்கின்றேன். பத்து வயதிலிருந்து பதினெட்டு வயதுவரை, பாடசாலை விடுமுறை தோறும் என் தந்தையாரோடு வேலைக்குப் போனேன். அவர் ஒரு மேசன். கல் எடுத்துக் கொடுத்தேன், சாந்து குழைத்தேன், நூல் பிடித்தேன். நாற்பது ஆண்டுகளுக்குமேல் தொடாத கருவியைத் தொட்டபோது, கை தானாகவே அதன் வேலையைச் செய்தது. எனக்கே அது வியப்பாயிருந்தது.

வைத்த கற்களை அகற்றிக் கழுவினோம். சீமெந்து ஒரு பங்கு, சுண்ணாம்பு ஒரு பங்கு, மணல் ஆறு பங்கு என்று சாந்து சேர்த்தோம். சீமெந்தைக் கூட்டினால் வலிமை கூடுமே என்றார் மருமகன். என் தந்தையார் சொல்வதையே அவருக்குச் சொன்னேன்: "சாந்து கல்லைவிட வலுக்கப்படாது. வெடிச்சால் சாந்து வெடிக்கட்டும், கல்லுப் பிழைக்கும்." வெடித்த சாந்தைச் சுரண்டிப் புதிதாக நிரப்பலாம், வெடித்த கல்லை அவ்வாறு செய்ய முடியாது. நெருப்புப் படும் கட்டுக்கு இது மிகவும் பொருந்தும்.

பின்சுவர் ஐந்து கல் நீளம். ஏறத்தாழ 119 சென்ரிமீற்றர். இருபக்கச் சுவர்களும் 71 சென்ரிமீற்றர். முன்புறம் திறப்பு. முதலில் சாந்தின்றிக் கல்லை அடுக்கிப் பார்த்து அளவைச் சரிசெய்தோம். பின்னர் மூலைகளை நாலு வரி உயர்த்தி, தூக்குக்குண்டு இட்டுப் பார்த்தேன். அதன்பின் இரு மூலைகளுக்கும் இடையே நூல் கட்ட வேண்டும். ஒரு தலைப்பை நான் பிடித்துக்கொண்டு, மற்றத் தலைப்பை மருமகனிடம் நீட்டினேன். "இதை இறுக்கிப் பிடியுங்கோ தம்பி" என்றேன்.

அவ்வாறு சொன்னதும் எனக்குக் கை ஓடவில்லை. அதே சொற்களை ஒருநாள் என் தந்தையார் என்னிடம் சொன்னார்.

அஃது என் ஆசிரியப் பணியின் இரண்டாம் ஆண்டு. நான் பண்டிதர் பட்டம் பெற்று, தோளிற் சால்வையோடு கல்லூரிக்குப் போகத் தொடங்கிய காலம். கல்லூரியின் கிழக்கு மதிலைக் கட்டுவதற்குக் கூலிக்கு வந்தவர்களுள் என் தந்தையாரும் இருந்தார். வெயில் மிகுதியென்று அன்று வகுப்பை வேப்பமர நிழலில் நடத்திக்கொண்டிருந்தேன். நடந்த பாடம் நன்னூற் பாயிரம். மரத்தின் கோணலைத் தச்சன் இடும் நூல் தீர்ப்பதுபோல மனத்தின் கோணலைத் தீர்ப்பதனாலும் நூலுக்கு நூல் என்று பெயர் வந்தது எனப் பவணந்தி முனிவர் கூறுவதை விளக்கிக்கொண்டிருந்தேன். தந்தையாரோடு வேலைசெய்த பையன் எங்கோ போய்விட்டான் போலும். அவர் நிமிர்ந்து என்னைப் பார்த்து, "தம்பி, இந்த நூலை ஒருக்கா இறுக்கிப் பிடி" என்றார்.

மாணவர் எல்லோரும் திரும்பிப் பார்த்தனர். சாந்து படிந்த சாரமும் வெற்றுடம்புமாக அவர் நின்றார். ஒரு மாணவன், "ஐயா, அவர் ஆர்?" என்று கேட்டான்.

"ஊரிலே தெரிந்தவர்" என்றேன். அந்த மாணவனையே நூல் பிடிப்பதற்கு அனுப்பினேன்.

நான் சொன்னது அவர் காதில் விழுந்தது. விழுந்ததென்பதை அவர் முகத்திலே கண்டேன். அன்றிரவு உணவுக்கு உட்கார்ந்தபோதும், அதன்பின் அவர் வாழ்ந்த ஆண்டுகளிலும், அதனைப்பற்றி அவர் ஒரு சொல்லும் சொல்லவில்லை. கேட்டிருந்தால் மன்னிப்புக் கேட்டிருப்பேன். அவர் கேட்கவுமில்லை; நான் சொல்லவுமில்லை. என் மகளுக்கும் அவளுடைய அப்பப்பாவைக் கொந்தராத்துக்காரர் என்றே சொல்லி வளர்த்தேன். நன்னூற் பாயிரத்தை ஆண்டுதோறும் கற்பித்தேன். அந்த மதிலைக் கடந்தே நாடோறும் வகுப்புக்குப் போனேன்.

"மாமா, களைச்சுப் போனீங்களோ?" என்று மருமகன் கேட்டார். "இல்லைத் தம்பி" என்று வேலையைத் தொடர்ந்தேன்.

கல் வைக்கும்போது அது நூலைத் தொடலாகாது. நூலுக்கும் கல்லுக்கும் இடையே ஒரு மயிரிழை வெளி வேண்டும். தொட்டால், கல் நூலைத் தள்ளும்; அடுத்த கல், தள்ளுண்ட நூலைப் பார்த்து நிற்கும்; சுவர் முழுவதும் வளையும். மருமகன் இதனைக் கேட்டுப் பெரிதும் மகிழ்ந்தார். நாலு மாலைப்பொழுதுகளில் பன்னிரண்டு வரியும் எழும்பின. வரிக்குப் பத்துக் கல் வீதம் நூற்றிருபது கல் வெளிச்சுவருக்குச் சென்றன.

ஏழாம் வரியில் மூன்று பக்கத்தும் கற்களைக் குறுக்காக வைத்து, அவற்றின் பாதி உள்ளே நீண்டிருக்குமாறு ஒரு விளிம்பு அமைத்தோம். கரி பரப்பும் இரும்புத் தட்டின் ஓரங்கள் அவ்விளிம்பில் அமர்ந்தன. அதன்மேல், சூளைகளுக்குப் பயன்படும் தீச்செங்கற்களை உட்புறமாக இரண்டு வரி அடுக்கினோம். சாதாரணச் செங்கல் கடுஞ்சூட்டிற் பிளக்கக்கூடும். தீச்செங்கல் அதனைத் தாங்கும். அவற்றைச் சாந்திட்டு இறுக்கவில்லை. இரும்பு சூடேறினால் நீளுமாதலால், தட்டுக்கும் சுவருக்கும் இடையே விரலிடை வெளியும் விட்டோம். தட்டிலிருந்து ஆறங்குல உயரத்தில், தீச்செங்கல்லின்மேல், சுடுவதற்குரிய கம்பிவலை. மருமகன் நாகம் பூசிய வலையொன்றை மலிவாக வாங்க எண்ணியிருந்தார். அப்பூச்சு நெருப்பிலே நச்சுப்புகை கக்கும் என்று அறிந்து, துருப்பிடியாத உருக்கு வலையையே வாங்கினோம். விறகாக எரிப்பதற்கென்று ஒதுக்கிவைத்த பழைய வேலிமரத்தையும் விலக்கினோம். பூச்சி அரியாமல் இருப்பதற்கு நஞ்சூட்டிய மரம் அது. அந்நஞ்சில் ஆர்செனிக்கும் உண்டு.

வேலை முடிந்தபின்னும் உடனே நெருப்பிடலாகாது. கட்டினுள்ளே நிற்கும் ஈரம் சூட்டில் ஆவியாகி வெளியேற வழியின்றிக் கல்லைப் பிளக்கும். ஆகையால் இரண்டு வாரத்துக்குமேல் காயவிட்டு, முதலிற் சிறுசுள்ளிகளால் மெல்லிய தீ மூட்டிச் சூடு காட்டவேண்டும் என்று முடிவு செய்தோம். ஜனவரி மாதத்து ஞாயிற்றுக்கிழமை ஒன்றை அதற்குக் குறித்தோம். அன்றோ வெப்பம் 40 பாகையைத் தாண்டியது. காற்றும் கடுமையாக வீசியது. அரசாங்கம் முழுத் தீத்தடை விதித்தது. அத்தகைய நாளில் வெளியிடத்தில் விறகோ கரியோ எரித்தல் குற்றமாகும். 2009 ஆம் ஆண்டு பெப்ரவரி 7 ஆம் தேதி விக்ரோறியா மாநிலத்திற் பரவிய காட்டுத்தீயில் 173 பேர் மாண்டனர் என்பதனை நினைத்தால் அத்தடையின் அருமை விளங்கும். மருமகனுக்கு ஏமாற்றந்தான். ஆயினும், ஒரு வாரம் பொறுத்தோம்.

அடுத்த ஞாயிறு குளிர்ந்த நாள். சுள்ளித்தீ காட்டி ஆறவிட்டபின், மாலையிற் கரி மூட்டினார். தீக்கொழுந்து அடங்கிக் கரியின்மேற் சாம்பல் படரும்வரை காத்திருந்தோம். சுடுவது சுவாலையன்று, தணலே. எனக்கென்று மகள் வேறொரு வலை வாங்கி வைத்திருந்தாள். அதிலே கத்தரிக்காயும் சோளமும் வற்றாளைக்கிழங்கும் முதலில் வெந்தன. தோல் கருகிய கத்தரிக்காயை உரித்து, வெங்காயமும் மிளகாயும் தேசிப்புளியும் சேர்த்துப் பிசைந்து தந்தாள். அதன்பின் அவர்கள் தங்களுக்கு வேண்டியதைச் சுட்டார்கள். நான் எழுந்து போகவில்லை.

அயல்வீட்டு முதியவரையும் அழைத்திருந்தார்கள். எண்பது வயதைக் கடந்தவர். இளமையில் இத்தாலியிலிருந்து வந்து, வாழ்நாள் முழுவதும் செங்கல் வேலையே செய்து ஓய்ந்தவர். அவர் தட்டை ஒருபுறம் வைத்துவிட்டு அடுப்பருகே சென்றார். சுவரின் ஓரத்தில் முகத்தை வைத்து, ஒரு கண்ணை மூடி மறு கண்ணால் அதன் நீளத்தைப் பார்த்தார். என் தந்தையார் ஒவ்வொரு சுவரையும் அப்படியே பார்ப்பார். பின் நிமிர்ந்து, இதனைக் கட்டியவர் யார் என்று வினவினார்.

"என்னுடைய மாமா, அவர் தமிழாசிரியர்" என்றார் மருமகன். முதியவர் தலையை அசைத்தார். பள்ளிக்கூடத்தில் இதைப் படிக்க முடியாதே என்பது அவர் கருத்து. யாரிடம் பழகினீர் என்று என்னையே கேட்டார்.

என் ஆங்கிலம் சிறிது. அதற்கு அதுவே போதுமாயிருந்தது. "என் தந்தையார் மேசன். அவரிடம் பழகினேன்" என்றேன்.

மகள் என்னைத் திரும்பிப் பார்த்தாள். "அப்பா, அப்பப்பா கொந்தராத்துக்காரர் எண்டெல்லோ சொன்னனீங்கள்?"

"இல்லைப் பிள்ளை. கூலிக்குக் கல் வைத்தவர். கொந்தராத்து என்றது நான் கட்டின கதை" என்றேன். அன்றிரவு, தணல் நூரும்வரை இருந்து, வேப்பமர நிழலில் நடந்ததையும் சொன்னேன். அவள் நெடுநேரம் பேசவில்லை. என்மேல் அவளுக்குக் கோபம் வந்தது. அது நியாயமான கோபம். "அப்பப்பா என்னைத் தூக்கி வைச்சிருக்கிற படம் ஒண்டு இருக்கு. அவற்றை கையெல்லாம் ஏன் வெடிச்சிருக்கெண்டு சின்னனிலை கேட்டனான். நீங்கள் பதில் சொல்லேல்லை" என்று மட்டும் சொன்னாள்.

ஊர் திரும்பிக் கல்லூரி தொடங்கியதும் நன்னூற் பாயிரம் வந்தது. அவ்விடத்தை அடைந்தபோது மாணவரைக் கிழக்கு மதிலுக்கு அழைத்துச் சென்றேன். நூற்பந்து ஒன்றையும் கொண்டுபோயிருந்தேன். அதன் ஒரு தலைப்பை ஒரு மாணவியிடம் கொடுத்து மதிலின் மறுகோடிக்கு அனுப்பினேன். மற்றத் தலைப்பை நான் பிடித்தேன். மழையும் வெயிலும் பட்டுப் பூச்சு உதிர்ந்திருந்த போதிலும், நூலுக்கு எதிரே சுவர் எங்கும் விலகவில்லை. ஒருவன் மட்டும் நடுவிலே ஓரிடத்தில் விரல் வைத்து, இங்கே சிறிது உள்வாங்கியிருக்கின்றது என்றான். பார்த்தேன், உண்மைதான். அன்று அனுப்பிய மாணவன் நூலை இறுக்கிப் பிடிக்கத் தெரியாதவன் போலும்.

"இதை ஆர் ஐயா கட்டினது?" என்று கேட்டார்கள்.

சொன்னேன். அவர் பெயரையும் சொன்னேன். அவர் என்னை அழைத்ததையும், நான் போகாததையும் சொன்னேன். சிலர் தலை குனிந்தனர். சிலர் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டனர். அவர்களுள் மேசன்மாரின் பிள்ளைகளும் இருக்கக்கூடும். அதற்கடுத்த கிழமை பொருநராற்றுப்படை நடத்தியபோது, காழிற் கோத்த ஊன் எவ்வாறு சுடப்படும் என்பதனை ஒரு பாடவேளை முழுவதும் நின்று விளக்கினேன்.

சென்ற வாரம் மகளிடமிருந்து கடிதம் வந்தது. அடுப்பின் வலப்பக்கத்தில், ஒன்பதாம் வரியிலே ஒரு பொருத்து வெடித்திருக்கிறதாம், கல் பிழையில்லையாம், என்ன செய்யலாம் என்று மருமகன் கேட்கின்றாராம். வெடித்த சாந்தை முக்கால் அங்குல ஆழத்துக்குச் சுரண்டி, தூசியைத் தட்டி, நீர் தெளித்து, சுண்ணாம்பு சற்றுக் கூட்டிய சாந்தால் நிரப்பும்படி மறுமொழி எழுதியிருக்கின்றேன். மூன்று நாளைக்கு நெருப்பு வைக்க வேண்டாமென்றும் எழுதினேன்.